லிவ் உல்மன்: பெர்க்மன் கண்டெடுத்த முகமா, மேடையில் விளைந்த நடிகையா?

மேடைநிழல் | ஞாயிறு, இரவு 9:40

எங்கள் திரைப்பட வட்டத்தில் இன்று மாலை 'பெர்சோனா' போட்டார்கள். படத்துக்கு முன்னால் பேசியவர் அதை எடுத்த ஸ்வீடன் இயக்குநர் இங்மார் பெர்க்மனைப் பற்றிப் பதினைந்து நிமிடம் பேசினார். அதில் நடித்த லிவ் உல்மனுக்குக் கிடைத்தது ஒரே வரி: பெர்க்மன் கண்டெடுத்த முகம். வீட்டுக்கு வந்தும் அந்த வரி உறுத்திக்கொண்டே இருக்கிறது. அதனால்தான் இந்த இழை.

1965 கோடையில் ஸ்வீடனின் ஃபோரோ தீவில் அந்தப் படத்தை எடுத்தபோது உல்மனுக்கு 26 வயது. அதற்குள் எட்டு வருடம் மேடையில் நின்றிருந்தார். அந்த எட்டு வருடத்தை யாருமே பேசுவதில்லை.

பிறந்தது 1938 டிசம்பரில், டோக்கியோவில். அப்பா நார்வேக்காரர், விமானப் பொறியாளர், வேலைக்காக அங்கே இருந்தார். போர் வந்ததும் குடும்பம் கனடாவுக்குப் போனது. உல்மனுக்கு ஆறு வயது இருக்கும்போது அப்பா இறந்துபோனார். அம்மா இரண்டு பெண் பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு நார்வேக்குத் திரும்பி ட்ரோண்ட்ஹெய்மில் குடியேறினார். உல்மன் பள்ளிப்படிப்பை முடிக்காமலே லண்டனுக்குப் போய்ச் சில மாதம் நடிப்புப் பயிற்சி எடுத்தார். திரும்பி வந்து ஓஸ்லோவில் நாடகப் பள்ளித் தேர்வுக்குப் போனால் எடுத்துக்கொள்ளவில்லை. அப்புறம்தான் ஸ்டாவாங்கர் என்ற மேற்குக் கரைத் துறைமுக ஊருக்குப் போனார். அங்கே ரோகலாண்ட் தியேட்டரில், 1957இல், ஆன் ஃபிராங்காக மேடையேறினார். 18 வயதுப் பெண் ஒருத்தி மறைவிடத்தில் அடைபட்ட சிறுமியாக வாழ்ந்து காட்டினாள். தொடக்கம் இதுதான், ஃபோரோ தீவு அல்ல.

'பெர்சோனா'வில் அவர் ஏற்ற எலிசபெத் வோக்லர் யார்? ஒரு மேடை நடிகை. எலெக்ட்ரா நாடகத்தின் நடுவில் பேச்சை நிறுத்திவிடுகிறவள். படம் முழுவதும் அவள் வாயிலிருந்து வரும் சொற்களை விரல்விட்டு எண்ணலாம். மருத்துவமனையில் ஒரு காட்சி. செவிலி ஆல்மா வானொலியைத் திருப்பிவிட்டுப் போய்விடுகிறாள், இசைமேதை பாக்கின் வயலின் இசை ஓடுகிறது. எலிசபெத் தலையணையில் கன்னத்தை வைத்துப் படுத்திருக்கிறாள். கேமரா அசையவே இல்லை. முகத்தின் மேல் விழும் வெளிச்சம் மட்டும் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைகிறது. ஒரு நிமிடத்துக்கு மேல் அப்படியே போகிறது. கடைசியில் கண்ணின் பளபளப்பு மட்டும் மிஞ்சுகிறது. பிறகு மல்லாந்து திரும்பி இரண்டு கையாலும் முகத்தைப் பொத்திக்கொள்கிறாள்.

ஒன்றும் செய்யாமல் ஒரு நிமிடம் முகத்தில் ஆளைப் பிடித்துவைப்பது வெறும் முகவெட்டால் நடக்காது. மேடையில் எதிராளி பேசும்போது நின்று கேட்கப் பழகியவருக்குத்தான் அது வரும். என் கட்சி இதுதான். உங்கள் கருத்தைச் சொல்லுங்கள்.

---

சதுரங்கன் | ஞாயிறு, இரவு 10:25

நல்ல பதிவு, ஆனால் எனக்கு உடன்பாடு இல்லை. ஸ்டாவாங்கரில் 1957இல் அவர் எப்படி நடித்தார் என்று உங்களுக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது. மேடை நடிப்பு திரை விழுந்ததும் போய்விடுகிறது. நம் கையில் இருப்பது படங்கள்தான், அவற்றில் மிகச் சிறந்தவை பெர்க்மன் எடுத்தவை. 'ஷேம்', 'க்ரைஸ் அண்ட் விஸ்பர்ஸ்', 'ஃபேஸ் டு ஃபேஸ்', 'ஆட்டம் சொனாட்டா'. இவற்றைத் தள்ளிவிட்டுப் பார்த்தால் என்ன மிஞ்சுகிறது? 1973இல் ஹாலிவுட்டில் நடித்த 'லாஸ்ட் ஹொரைஸன்' இசைப்படம் படுதோல்வி, அதில் அவருடைய பாட்டைக்கூட வேறொருவர்தான் பாடினார். அதே வருடம் வந்த '40 கேரட்ஸ்'ஸும் நிற்கவில்லை. அதே நடிகை, அதே முகம். இயக்குநர் மாறியதும் ஒளி போய்விட்டதே, ஏன்?

---

மேடைநிழல் | ஞாயிறு, இரவு 11:05

சதுரங்கன், நியாயமான கேள்வி. அந்த இரண்டு படங்களையும் நான் காப்பாற்றப் போவதில்லை. ஆனால் பெர்க்மனைத் தள்ளினால் ஒன்றும் மிஞ்சாது என்பது சரியில்லை. யான் ட்ரோல் 1971இல் எடுத்த 'தி எமிக்ரண்ட்ஸ்' பார்த்திருக்கிறீர்களா? ஸ்வீடனின் ஸ்மோலாந்து பகுதியில் கல்லும் மண்ணுமான நிலத்தை விட்டு அமெரிக்காவுக்குக் கப்பலேறும் குடியானவர் கதை. உல்மன் அதில் கிறிஸ்டினா, மேக்ஸ் வான் சிடோவின் மனைவி. அவருக்கு முதல் ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது அந்தப் படத்துக்குத்தான், பெர்க்மன் படத்துக்கு அல்ல. 'ஃபேஸ் டு ஃபேஸ்' பரிந்துரை அதற்கப்புறம் வந்தது.

இன்னொன்றும் பாருங்கள். பெர்க்மன் படங்களும் ட்ரோல் படமும் ஸ்வீடிஷ் மொழியில் எடுத்தவை. உல்மனின் தாய்மொழி நார்வேஜியன். இரண்டும் ஒன்றுக்கொன்று புரியும் என்றாலும் நாக்கு வேறு, ராகம் வேறு. பக்கத்து வீட்டு மொழியில் அழுவதும் கோபப்படுவதும் எவ்வளவு கடினம் என்று மேடை ஏறியவர்களுக்குத் தெரியும். அப்புறம் ஆங்கிலத்தில், நியூயார்க்கின் பெரிய நாடக அரங்குகளான பிராட்வேயில். 1975இல் நியூயார்க் லிங்கன் சென்டரில் நோரா, 1977இல் அன்னா கிறிஸ்டி. இரண்டுக்கும் அமெரிக்க நாடகத்துக்கான டோனி விருதுப் பரிந்துரை. 1979இல் இசையமைப்பாளர் ரிச்சர்ட் ராஜர்ஸின் கடைசி இசைநாடகமான 'ஐ ரிமெம்பர் மாமா'. சான் ஃபிரான்சிஸ்கோவில் குடியேறிய நார்வே குடும்பம் ஒன்றின் தாய் வேடம். 108 காட்சிகளோடு நின்றுபோனது, வெற்றி இல்லைதான். ஆனால் படத்தில் இரவல் குரலில் பாடியவர், ஆறு வருடம் கழித்து ஒவ்வொரு நாள் மாலையும் ஆள் நிறைந்த அரங்கில் தானே நின்று பாடினார். அந்தத் துணிச்சலை எனக்கு லேசாக எடுத்துக்கொள்ள முடியவில்லை.

---

கல்லூரிப்பறவை | திங்கள், காலை 7:15

அண்ணா, நான் 'பெர்சோனா' மட்டும்தான் பார்த்தேன், பாதி புரியவில்லை. நோரா என்றால் 'பொம்மை வீடு' நாடகத்தில் வருகிறவர்தானே? அந்த ஒரு வேடத்தை ஏன் எல்லோரும் இவ்வளவு பெரிதாகப் பேசுகிறார்கள்?

---

வடகடல் | திங்கள், மதியம் 1:30

நான் ஸ்டாவாங்கரில் 22 வருடமாக இருக்கிறேன், சொந்த ஊர் யாழ்ப்பாணம். இந்த இழையில் எங்கள் ஊர்ப் பெயரைக் கண்டதும் எழுதாமல் இருக்க முடியவில்லை.

ரோகலாண்ட் தியேட்டர் இருக்கும் கட்டடம் 1883இல் கட்டியது. நாடகக் குழு தொடங்கியது 1947இல்தான். ஆக உல்மன் வந்தபோது அதற்குப் பத்து வயது. பிறகு ஓஸ்லோவில் அவர் சேர்ந்தது 'டெட் நோர்ஸ்கே தியாட்ரெட்' என்ற நாடக அரங்கம். இந்த இடம் என்னவென்று தெரிந்தால்தான் அவருடைய நோரா புரியும்.

நார்வேயில் எழுத்து மொழி இரண்டு உண்டு. ஒன்று டேனிஷ் ஆட்சிக் காலத்திலிருந்து வந்த, நகரத்துப் படித்தவர்களின் வழக்கில் வளர்ந்த பூக்மோல். மற்றது நீநோர்ஸ்க். ஈவார் ஓசன் என்பவர் 19ஆம் நூற்றாண்டில் ஊர் ஊராக நடந்து வட்டார வழக்குகளைச் சேர்த்து உருவாக்கியது. டெட் நோர்ஸ்கே நீநோர்ஸ்கில் நாடகம் போடுவதற்காகவே ஏற்பட்ட அரங்கம். 1913இல் தலைநகரில் அது திறந்தபோது, இந்தப் பட்டிக்காட்டுப் பேச்சுக்கு மேடையா என்று விசில் அடித்துக் கூச்சல் போட்டுத் தெருவில் சண்டையே நடந்தது. பேச்சு வழக்கை மேடையேற்றினால் என்ன நடக்கும் என்று தமிழருக்கு நான் விளக்கத் தேவையில்லை.

'பொம்மை வீடு' எழுதிய நார்வே நாடகாசிரியர் இப்சன் எழுதியது டேனிஷ் சாயல் கொண்ட நகரத்து எழுத்து மொழியில். அது முதலில் மேடையேறியதும் கோபன்ஹேகனில்தான், 1879 டிசம்பரில். அந்த மொழியைக் கேட்டுப் பழகிய காதுக்கு நீநோர்ஸ்கில் வரும் நோரா வேறு ஆளாகத் தெரிவாள். டெட் நோர்ஸ்கே அரங்கத்தின் தலைவராக இருந்த தூர்மூட் ஸ்காகெஸ்டாட்தான் நியூயார்க்கில் உல்மனின் நோராவையும் இயக்கினார். ஆகவே பிராட்வேக்குப் போன நோராவின் வேர் இங்கேதான் இருக்கிறது.

தம்பி கல்லூரிப்பறவை, நோராவை ஏன் பெரிதாகப் பேசுகிறார்கள் என்று கேட்டீர். கணவனின் உயிரைக் காக்கக் கள்ளக் கையெழுத்துப் போட்டுக் கடன் வாங்கினவள் அவள். உண்மை வெளியே வந்ததும் கணவனுக்குத் தன் மானம்தான் பெரிதாகப் படுகிறது. அவள் விருந்து உடுப்பைக் கழற்றிவிட்டுச் சாதாரண உடுப்போடு வந்து மேசைக்கு எதிரே அவனை இருத்திக் கதைக்கிறாள். எட்டு வருடக் கலியாணத்தில் இருவரும் முதல் தடவையாக இருந்து கதைப்பது அதுதான். பிறகு மூன்று பிள்ளைகளையும் விட்டுவிட்டுப் போய்விடுகிறாள். ஜெர்மனியில் ஒரு நடிகை, பிள்ளைகளை விட்டுப் போவதாக நடிக்கவே மாட்டேன் என்று நின்றதால் இப்சனே மனமில்லாமல் வேறு முடிவு எழுதிக் கொடுத்தார். இங்கே பள்ளிக்கூடத்தில் அதைப் படிக்கும் பிள்ளைகள் இன்றைக்கும் இரண்டு கட்சியாகப் பிரிந்து வாதாடுவார்கள். என் மகளும் வாதாடினாள்.

---

முல்லைக்கொடி | திங்கள், இரவு 8:50

வடகடல் அண்ணா சொன்ன கடைசி விஷயத்திலிருந்து தொடங்குகிறேன். பெர்க்மனின் 'சீன்ஸ் ஃப்ரம் எ மேரேஜ்' 1973இல் ஸ்வீடன் தொலைக்காட்சியில் ஆறு பகுதியாக வந்தது. அதில் உல்மன் மரியான், விவாகரத்து வழக்குகள் நடத்தும் வக்கீல். ஒரு பகுதியில் மரியானும் அவள் கணவன் யூஹானும் நாடகம் பார்த்துவிட்டு வருகிறார்கள். அவர்கள் பார்த்த நாடகம் எது தெரியுமா? 'பொம்மை வீடு'. நோராவைப் பார்த்துவிட்டு வந்து உட்கார்ந்து பேசும் பெண்ணாக நடித்தவர், இரண்டு வருடத்தில் நியூயார்க்கில் அதே நோராவாக நின்றார். 1981இல் பெர்க்மன் இந்தத் தொடரையே நாடகமாக்கி, 'பொம்மை வீடு', 'மிஸ் ஜூலி' இரண்டோடும் சேர்த்து ம்யூனிக்கில் மேடையேற்றினார்.

எனக்கு மறக்க முடியாதது மூன்றாம் பகுதி. யூஹான் இரவில் வருகிறான். அவள் சாப்பாடு எடுத்து வைக்கிறாள். அவன் வேறொரு பெண்ணோடு போகப்போவதாகச் சொல்கிறான். அவள் கத்தவில்லை. விடிந்ததும் அவன் பெட்டியைக் கட்ட உதவுகிறாள். பல வருடம் செய்து பழகிய கை, அதுபாட்டுக்குத் துணியை மடிக்கிறது. அவன் போன பிறகு நண்பர் ஒருவருக்குப் போன் செய்கிறாள். அவர்களுக்கெல்லாம் இந்த விஷயம் முன்பே தெரியும் என்று அப்போதுதான் தெரியவருகிறது. எதிர்முனைக் குரல் நமக்குக் கேட்பதில்லை. உல்மன் கேட்கும் விதத்திலிருந்துதான் அங்கே என்ன சொல்கிறார்கள் என்று நாம் தெரிந்துகொள்கிறோம். மேடைநிழல் சொன்ன அந்தக் கேட்கும் வித்தை இதுதான்.

நான் இதைப் பார்த்தது என் கைக்குழந்தை தூங்கும் நேரங்களில், துண்டு துண்டாக, மூன்று நாளில். அதன் பிறகு உல்மனின் 'சேஞ்சிங்' புத்தகத்தைத் தேடிப் படித்தேன். 1970களின் நடுவில் எழுதியது. வேலைக்குப் போகும் தாயின் குற்ற உணர்வை அவ்வளவு பட்டவர்த்தனமாக ஒரு நடிகை எழுதி நான் படித்ததில்லை. பெர்க்மனோடு ஃபோரோவில் வாழ்ந்த சுமார் ஐந்து வருடம், 1966இல் பிறந்த மகள் லின், பிரிவு, பிறகு ஊர் ஊராகப் படப்பிடிப்பு, வீட்டில் காத்திருக்கும் குழந்தை. எதையும் பூசி மெழுகவில்லை. அந்த மகள் இன்று நார்வேயின் முக்கியமான நாவலாசிரியர்களில் ஒருவர். தாய் தந்தையைப் பற்றி அவர் பக்கத்திலிருந்து ஒரு நாவலே எழுதியிருக்கிறார். இரண்டையும் அடுத்தடுத்துப் படிக்க வேண்டும். ஒரே வீட்டை இரண்டு உயரத்திலிருந்து பார்த்த மாதிரி இருக்கும்.

கண்டெடுத்த முகம் என்று சொன்னால் இந்தப் பெண் எழுதியது, உழைத்தது எல்லாம் எங்கே போகும்? எனக்கும் கோபம்தான் வருகிறது.

---

சதுரங்கன் | செவ்வாய், காலை 6:30

நேற்று இரவு 'தி எமிக்ரண்ட்ஸ்' பார்த்தேன். மூன்று மணி நேரத்துக்கு மேல் ஓடுகிறது, எழுந்திருக்கத் தோன்றவில்லை. என் முதல் பதிவில் அவசரப்பட்டுவிட்டேன், ஒப்புக்கொள்கிறேன்.

ஆனாலும் ஒரு மறுப்பு பாக்கி இருக்கிறது. அவர் நடிப்பைக் குறைத்துக்கொண்டு இயக்குநரானார். 1992இல் 'சோஃபி'. நோபல் பரிசு பெற்ற சிக்ரிட் உன்ட்செட்டின் நாவலிலிருந்து 1995இல் 'கிறிஸ்டின் லாவ்ரான்ஸ்டாட்டர்'. அதற்கு ஒளிப்பதிவு ஸ்வென் நிக்விஸ்ட், பெர்க்மனின் ஆள். 2000இல் 'ஃபெயித்லெஸ்', அதன் திரைக்கதையே பெர்க்மன் எழுதியது. 2003இல் நடிக்கத் திரும்பி வந்ததும் பெர்க்மனின் 'சாராபாண்ட்' படத்துக்காக. ஆக அவர் அந்த வட்டத்தை விட்டு வெளியே வரவே விரும்பவில்லையோ என்று தோன்றுகிறது. நாம்தான் அவரை வலிந்து பிரித்தெடுக்கப் பார்க்கிறோமோ?

---

முல்லைக்கொடி | செவ்வாய், காலை 9:10

'ஃபெயித்லெஸ்' படத்தை இன்னொரு முறை பாருங்கள். தன் பழைய உறவு ஒன்றின் குற்ற உணர்விலிருந்து பெர்க்மன் எழுதிய கதை அது. உல்மன் எடுத்தபோது பெரியவர்களின் சண்டைக்கு நடுவில் நிற்கும் அந்தச் சிறுமியின் பக்கம் கேமரா போய்ப் போய் நிற்கிறது. பிள்ளையின் கண்ணால் அந்த வீட்டைப் பார்க்கிறோம். அது உல்மன் கொண்டுவந்தது. வட்டத்துக்குள் இருப்பது ஒன்று, அதற்குள் தன் இடத்தைப் பிடிப்பது வேறு.

---

வடகடல் | செவ்வாய், மாலை 5:45

சதுரங்கன் கேட்டதற்கு நார்வேயிலிருந்து ஒரு விளக்கம். இங்கே உள்ள வயதானவர்களிடம் பெரிய மேடை நடிகை யார் என்று கேட்டால் பலரும் முதலில் வென்கே ஃபோஸ் பெயரைத்தான் சொல்வார்கள். 2011இல் அவர் காலமானபோது அரசே செலவு செய்து ஓஸ்லோ பேராலயத்தில் இறுதிச் சடங்கு நடத்தியது. அவர் நாட்டை விட்டுப் போகவில்லை, வெளியுலகுக்கு அவரைத் தெரியாது. உல்மனை உலகமே அறியும், ஆனால் வெளிநாடுகளில் அவரை ஸ்வீடன்காரி என்றே பலர் நினைக்கிறார்கள். சின்ன நாட்டில் பிறந்த நடிகைக்கு இந்த இரண்டு வழிதான் அப்போது இருந்தது.

இப்போது நிலைமை மாறிவிட்டது. நார்வே நடிகை ரெனாத்தே ரெய்ன்ஸ்வேயைப் பாருங்கள். பல வருடம் மேடையிலும் சின்ன வேடங்களிலும் இருந்துவிட்டு, நடிப்பை விட்டுத் தச்சு வேலைக்குப் போகலாம் என்று இருந்தவர். அப்போது இயக்குநர் யோவாகிம் ட்ரியர் எழுதிய கதாநாயகி வேடம் வந்தது. 2021இல் கான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை. 2025இல் வந்த ட்ரியரின் அடுத்த படத்தில் மேடை பயம் பிடித்த நாடக நடிகையாக வருகிறார், அப்பா சினிமா இயக்குநர். அந்தப் பாத்திரத்தின் பெயர் நோரா. நார்வே மொழியிலேயே, ஓஸ்லோவிலேயே எடுத்த படம். உல்மனின் இளமையில் அப்படி ஒரு படத்துக்கு உலகம் காத்திருக்கவில்லை.

இன்னொன்று, இது நான் கண்ணால் கண்டது. இங்கே ரீக்ஸ்தியாட்ரெட் என்று அரசின் சுற்றுலா நாடகக் குழு ஒன்று உண்டு. செட்டு, விளக்கு எல்லாவற்றையும் வண்டியில் ஏற்றிக்கொண்டு சின்னச் சின்ன ஊர்களின் பண்பாட்டு மண்டபங்களுக்குப் போவார்கள். 2010இல் அவர்கள் யூஜின் ஓ'நீலின் 'லாங் டேஸ் ஜர்னி இன்டு நைட்' நாடகத்தைக் கொண்டுபோனார்கள். மேரி டைரோனாக நடித்தவர் உல்மன். வயது 71. உலகம் முழுக்கத் தெரிந்த ஒருவர், பள்ளிக்கூடப் பிள்ளைகள் கைப்பந்து விளையாடும் ஊருக்கெல்லாம் போய் நடித்தார். நானும் மனைவியும் ஒன்றரை மணி நேரம் கார் ஓடிப் போய்ப் பார்த்தோம். மார்ஃபினுக்கு அடிமையான தாய், வாதத்தில் கோணிப்போன விரல்களை மறைத்துக்கொண்டே இருப்பாள். கடைசியில் பழைய கலியாண உடுப்பைத் தூக்கிக்கொண்டு மேரி வரும் இடத்தில் மண்டபத்தில் ஒரு இருமல் சத்தம் இல்லை. எனக்குப் பக்கத்தில் இருந்த கிழவி ஒருவர் தன் கைகளை மடியில் மறைத்துக்கொண்டதைக் கண்டேன். அன்றைக்குப் பெர்க்மன் என்ற பெயர் என் நினைவுக்கு வரவே இல்லை.

---

கல்லூரிப்பறவை | செவ்வாய், இரவு 7:20

வடகடல் ஐயா எழுதியதைப் படித்துவிட்டு நெடுநேரம் அப்படியே உட்கார்ந்திருந்தேன். நான் எதிலிருந்து தொடங்கட்டும், சொல்லுங்கள். இவரைப் பற்றி ஆவணப்படம் ஏதாவது இருக்கிறதா?

---

மேடைநிழல் | செவ்வாய், இரவு 10:15

இருக்கிறது. 'லிவ் அண்ட் இங்மார்', 2012. எடுத்தவர் தீரஜ் அகோல்கர், இந்தியர். உல்மன் ஃபோரோ வீட்டுக்குத் திரும்பிப் போய்ப் பேசுகிறார். பிறகு 2023இல் உல்மனின் முழு வாழ்க்கையையும் அகோல்கரே இன்னொரு ஆவணப்படமாக எடுத்தார். அதில் யூனிசெஃப் பணிகளும் வரும். 1980இல் அந்த அமைப்பின் நல்லெண்ணத் தூதரான முதல் பெண் உல்மன்தான். 2022இல் கிடைத்த கௌரவ ஆஸ்கரும் உண்டு.

ஆனால் தம்பி, ஆவணப்படத்தில் தொடங்காதே. 'ஆட்டம் சொனாட்டா'வில் தொடங்கு. 1978இல் வந்தது. வரி விவகாரத்தில் பெர்க்மன் ஸ்வீடனை விட்டு வெளியேறியிருந்த காலம், அதனால் நார்வேயில் எடுத்தார்கள். உல்மன் ஒரு பாதிரியாரின் மனைவி ஏவா, வட்டக் கண்ணாடி போட்டவள். ஏழு வருடமாகப் பார்க்காத அம்மா வருகிறாள், உலகப் புகழ்பெற்ற பியானோக் கலைஞர். அம்மாவாக நடிகை இங்கிரிட் பெர்க்மன் (இயக்குநருக்கு உறவு அல்ல, பெயர்தான் ஒன்று).

மகள் ஷோப்பானின் சின்னப் பிரெலூட் ஒன்றை வாசித்துக் காட்டுகிறாள். அம்மா கேட்கிறாள். எப்படி இருந்தது என்று மகள் கேட்டதும், அதை எப்படி வாசிக்க வேண்டும் என்று விளக்கிவிட்டு அம்மாவே உட்கார்ந்து வாசிக்கிறாள். இப்போது இருவர் முகமும் ஒரே சட்டகத்தில் இருக்கும். அம்மா விசைகளைப் பார்க்கிறாள். உல்மன் அம்மாவைப் பார்க்கிறார். முதலில் இசையைக் கேட்கிற மாதிரி இருக்கும். பிறகு கண் மெல்ல மேலே போய் அம்மாவின் கன்னத்தில், நெற்றியில் நிற்கும். ரசிப்பு இருக்கிறது, ஏக்கம் இருக்கிறது, இந்த அம்மாவுக்கு நான் ஒருநாளும் போதமாட்டேன் என்ற பழைய வலி இருக்கிறது. ஒரு சொல் கிடையாது.

அந்தக் காட்சியை இரண்டு தரம் பார். முதல் தரம் இங்கிரிட் பெர்க்மனைப் பார். இரண்டாம் தரம் உல்மனை மட்டும் பார். பார்த்துவிட்டு இங்கே வந்து எழுது, நான் காத்திருக்கிறேன். திரைப்பட வட்டத்தில் அடுத்த மாதம் அதைத்தான் போட வேண்டும் என்று கேட்டிருக்கிறேன், ஒத்துக்கொண்டார்கள். இந்த முறை முன்னுரை நான் பேசுகிறேன். வடகடல், அந்தக் கிழவி கையை மறைத்துக்கொண்டதை அங்கே சொல்லலாமா?

---

வடகடல் | செவ்வாய், இரவு 11:50

தாராளமாகச் சொல்லுங்கள். என் மனைவி இன்னொன்றும் ஞாபகப்படுத்துகிறாள். நாடகம் முடிந்து கும்பிடு போட வந்தபோது மற்ற நடிகர்கள் எல்லோரும் அவரை முன்னால் தள்ளினார்கள். அவர் பின்னால் போய் வரிசையிலேயே நின்றுகொண்டார்.